நான் வெளியேறிய பிறகு நடந்த கூட்டம்

2006-ஆம் வருடம், திருப்பூர். துணி ஏற்றுமதிக்கு இருந்த கோட்டா முறை முடிந்து வெளிநாட்டு ஆர்டர்கள் வந்து குவிந்துகொண்டிருந்த சமயம். எந்தச் சந்தில் நுழைந்தாலும் தையல் மெஷின் சத்தம் கேட்கும். எந்தக் கம்பத்தைப் பார்த்தாலும் 'டெய்லர் தேவை, செக்கிங்குக்குப் பெண்கள் தேவை' என்று அட்டை தொங்கும். அந்த ஊருக்கு எல்லோரும் வேலை தேடிப் போவார்கள். நான் போராட்டம் தேடிப் போனேன்.

சிரிக்காதீர்கள், நிஜமாகத்தான் சொல்கிறேன். அப்போது நான் சமூகவியலில் முனைவர் பட்டத்துக்காக ஆய்வு செய்துகொண்டிருந்தேன். மாணவர் கிளர்ச்சிகளும் சமூக இயக்கங்களும் என்பது தலைப்பு. நூலகத்தில் உட்கார்ந்து பழைய போராட்டங்களைப் படித்துப் படித்து, எங்கே எந்தக் கல்லூரியில் யார் முதல் கல்லை எறிந்தார் என்பது வரை எனக்கு மனப்பாடம். என் வழிகாட்டிப் பேராசிரியர் ஒருநாள், "முடிஞ்சு போன போராட்டத்தையே எத்தனை நாளைக்கும்மா படிப்பே? நடந்துகிட்டிருக்கிற ஒண்ணைப் போய்ப் பாரு" என்று விரட்டினார். அந்த வாரமே செய்தித்தாளின் ஒரு மூலையில் நாலு வரிச் செய்தி கண்ணில் பட்டது. திருப்பூர்ப் பக்கம் ஒரு கல்லூரியில், காலை ஷிஃப்ட் வகுப்புகளை நிறுத்தக் கூடாது என்று மாணவர்கள் வகுப்பைப் புறக்கணித்திருந்தார்கள். மறுநாளே மூட்டை கட்டிவிட்டேன்.

செங்கொடி, சுவரெழுத்து, தொண்டை கிழியும் கோஷம் என்று என்னென்னவோ எதிர்பார்த்துக்கொண்டு போனேன். கல்லூரி வாசலில் ஒரு வேப்பமரமும் ஒரு வடைக் கடையும்தான் இருந்தன. ஒரு மணிக்கு மணி அடித்ததும் பிள்ளைகள் திமுதிமுவென்று வெளியே வந்த வேகத்தைப் பார்த்து, ஆகா, ஊர்வலம் கிளம்புகிறது என்று அவசர அவசரமாகப் பேனாவைத் திறந்தேன். அத்தனை பேரும் டவுன் பஸ்ஸிலும் கம்பெனி வேனிலும் தொற்றிக்கொண்டு மறைந்துவிட்டார்கள். வடைக் கடைக்காரர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். வெட்கத்துக்கு இரண்டு வடை வாங்கிச் சாப்பிட்டேன்.

மெல்ல மெல்லத்தான் விஷயம் புரிந்தது. காலை எட்டு மணி முதல் ஒரு மணி வரை கல்லூரி. மத்தியானம் இரண்டு மணிக்குப் பனியன் கம்பெனி. அங்கே இரவு வரை வேலை. தெற்கத்தி மாவட்டங்களிலிருந்து பிழைக்க வந்த குடும்பத்துப் பிள்ளைகள், உள்ளூர்ப் பிள்ளைகள் என்று நிறையப் பேர் இப்படித்தான் படித்துக்கொண்டிருந்தார்கள். கல்லூரி நிர்வாகமோ, இனி எல்லோருக்கும் ஒன்பதரை முதல் நாலு மணி வரைதான் வகுப்பு என்று மாற்றப் போவதாக அறிவித்துவிட்டது. அப்படி மாற்றினால் இந்தப் பிள்ளைகள் வேலையை விட வேண்டும், அல்லது படிப்பை விட வேண்டும். வேலையை விட முடியாது. ஆக, படிப்புதான் போகும். அதற்குத்தான் அந்தப் புறக்கணிப்பு. அதையும் முழு நாள் செய்ய அவர்களுக்கு நேரமில்லை, ஒரே ஒரு பீரியட்தான் செய்தார்கள்.

கல்லூரிக்குப் பக்கத்திலேயே ஒரு லைன் வீட்டில் அறை பிடித்துத் தங்கினேன். வரிசையாக எட்டு அறைகள், பொதுவாக ஒரு தண்ணீர்க் குழாய். வீட்டுக்கார அக்காவுக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். பின்பக்கம் ஷெட் போட்டு, கம்பெனிகளிலிருந்து பனியன்களை வாங்கிவந்து பிசிறு வெட்டி, ஓட்டை உடைசல் பார்த்துக் கொடுக்கும் செக்கிங் கான்ட்ராக்ட் எடுத்திருந்தார். நல்ல பேச்சுக்காரி. ஆனால் என்னிடம் மட்டும் "வாங்க மேடம், சாப்ட்டீங்களா மேடம்" என்று அளந்து அளந்து பேசுவார். நான் குடிவந்த மறுநாளே ஷெட் வாசலில் புத்தம்புது முதலுதவிப் பெட்டி ஒன்று தொங்கியது. பக்கத்தில் சிவப்புப் பெயின்ட் அடித்த வாளியில் மணல். எவ்வளவு பொறுப்பான பெண்மணி என்று மனசுக்குள் மெச்சிக்கொண்டேன்.

என் பக்கத்து அறையில் ஒரு பெண்ணும் அவள் அம்மாவும் இருந்தார்கள். சங்கரன்கோவில் பக்கத்துக்காரர்கள். அம்மா ஒரு கம்பெனியில் முழு நேரம், மகள் அதே கம்பெனியில் மத்தியானத்துக்கு மேல். பி.காம் இரண்டாம் வருடம் முடிக்கப் போகிறாள். அந்தப் புறக்கணிப்பை முன்னே நின்று நடத்தியவளே அவள்தான் என்று கேள்விப்பட்டதும் எனக்குத் தலைகால் புரியவில்லை. தேடி வந்த தலைவி சுவருக்கு அந்தப் பக்கம்! ஆனால் என்னைப் பார்த்தாலே அவள் ஒரு புன்னகையோடு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொள்வாள்.

சரி, மற்றவர்களைப் பேட்டி எடுப்போம் என்று ஆரம்பித்தேன். கழுத்தில் பல்கலைக்கழக அடையாள அட்டை, கையில் கிளிப் வைத்த பலகை, தோளில் குட்டி டேப் ரெக்கார்டர். வெயிலில் அலைய வசதியாக இருக்கட்டும் என்று சுடிதாரும் ஷூவும். எங்களுக்கு ஆய்வு முறை என்று ஒன்றைச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். பேட்டி கொடுப்பவருக்கு முதலில் தைரியம் சொல்ல வேண்டும். நானும் ஒவ்வொருவரையும் வேப்பமரத்தடியில் தனியாக உட்காரவைத்து, "பயப்படாதீங்க. உங்க பேரை எழுத மாட்டேன். நீங்க சொல்றது வேற யாருக்கும் போகாது" என்று பயபக்தியோடு ஒப்பிப்பேன்.

அதன் பிறகு நடந்ததைக் கேளுங்கள். ஒரு பையன், பி.எஸ்சி. கம்பெனியில் டெய்லருக்குப் பக்கத்தில் நின்று துணியை எடுத்துக் கொடுக்கும் வேலை. கைமடி என்பார்கள். அவனிடம் கேட்டேன், போராட்டம் என்ற வார்த்தையைக் கேட்டதும் முதலில் என்ன தோன்றுகிறது என்று. அவன் முதுகை நிமிர்த்திக்கொண்டு, "எங்க கம்பெனில தீயணைக்கற சிலிண்டர் எல்லா மாடிலயும் இருக்குதுங்க மேடம். எப்படி அமுக்கோணும்னு எல்லாத்துக்கும் சொல்லிக் குடுத்திருக்கறாங்க" என்றான்.

நான் முழித்தேன். அடுத்து ஒரு பெண். மாணவர் சங்கத்தில் சேர வீட்டில் விடுவார்களா என்று கேட்டால், "கட்டாய ஓவர்டைம் எல்லாம் இல்லீங்க மேடம். குடிக்கற தண்ணி சுத்தமா இருக்குதுங்க" என்கிறாள். இன்னொருவன், நான் கேள்வியே கேட்பதற்குள், "எனக்குப் பதினெட்டு வயசு முடிஞ்சுதுங்க" என்று சொல்லிவிட்டான். யாரைக் கேட்டாலும் கடைசி வரி ஒன்றுதான். "கொறை ஒண்ணுமே இல்லீங்க மேடம்."

எனக்கு மண்டை காய்ந்தது. ஆனால் படித்த மண்டை சும்மா இருக்குமா? ராத்திரியெல்லாம் உட்கார்ந்து ஒரு விளக்கம் எழுதினேன். இந்த இளைஞர்கள் தங்கள் கோபத்தைத் தாங்களே அமுக்கிக்கொள்கிறார்கள், நெருப்பைப் பற்றிக் கேட்டால் நெருப்பை அணைக்கும் கருவியைப் பற்றிப் பேசுகிறார்கள், இது ஆழ்மனத்து வெளிப்பாடு என்று பத்துப் பக்கம். எஸ்.டி.டி பூத்திலிருந்து பேராசிரியருக்குப் படித்துக் காட்டினேன். அவர் உற்சாகத்தில் கத்தினார். "பிரமாதம்! இதை வச்சு ஒரு கருத்தரங்கமே நடத்தலாம்!" எனக்குக் கால் தரையில் படவில்லை.

மூன்றாவது வாரம் வீட்டுக்கார அக்கா ஒரு தட்டில் ஒப்பிட்டு, அதாவது போளி, சுட்டு எடுத்துக்கொண்டு வந்தார். தேங்காய்ப் பூரணம் வைத்து நெய் மணக்க மணக்க. நான் இரண்டாவதை எடுக்கும்போது மெல்ல ஆரம்பித்தார்.

"தப்பா நெனச்சுக்காதீங்க மேடம். நீங்க எந்தப் பார்ட்டிக்குங்க வந்திருக்கறீங்க? ஜெர்மனிங்களா, அமெரிக்காவுங்களா?"

"என்ன பார்ட்டிக்கா? நான் கும்பகோணம். யுனிவர்சிட்டில ஆராய்ச்சி பண்றேன்."

"எல்லா ஆடிட்டரும் மொதல்ல அப்படித்தானுங்க சொல்லுவாங்க" என்று அக்கா சிரித்தார்.

அப்போதுதான் எனக்கு விவரம் தெரிந்தது. பனியன் வாங்கும் வெளிநாட்டுக் கம்பெனிகள், இங்கே தொழிலாளர்களை எப்படி நடத்துகிறார்கள் என்று பார்த்துவர ஆள் அனுப்பும். அதற்கு ஆடிட் என்று பெயர். கழுத்தில் அட்டை, கையில் பலகை, காலில் ஷூ என்று ஒருவர் வருவார். தொழிலாளியைத் தனியே கூப்பிட்டு உட்காரவைத்து, பயப்படாதீங்க, உங்க பேரை எழுத மாட்டேன், நீங்க சொல்றது வேற யாருக்கும் போகாது என்று ஆரம்பிப்பார். என்ன பதில் சொல்ல வேண்டும் என்று பல இடங்களில் முன்கூட்டியே சொல்லிக்கொடுத்து வைத்திருப்பார்கள். சிலிண்டர், முதலுதவிப் பெட்டி, குடிதண்ணீர், வயது, ஓவர்டைம். கம்பெனிக் கணக்கில் வராமல் மத்தியானத்துக்கு மேல் வந்து ராத்திரி வரை வேலை செய்யும் கல்லூரிப் பிள்ளைகள் இருக்கிறார்கள் என்று மட்டும் மூச்சு விடக் கூடாது. ஆடிட்டர் ஒரு வரி எழுதினால் ஆர்டர் போகும், ஆர்டர் போனால் வேலை போகும் என்பது பிள்ளைகளுக்கு மனப்பாடம்.

என் பத்துப் பக்க ஆழ்மனம் அங்கேயே காற்றில் பறந்தது. தலையில் அடித்துக்கொண்டேன். வாசலில் தொங்கிய முதலுதவிப் பெட்டி எனக்காகத் தொங்கியது என்று தெரிந்ததும் அழுவதா சிரிப்பதா என்று தெரியவில்லை. கடைசியில் சிரித்தேன். வாயில் ஒப்பிட்டு இருந்ததால் புரையேறிவிட்டது.

மறுநாளிலிருந்து பார்க்கிறவர்களிடமெல்லாம் நான் ஆடிட்டர் இல்லை, ஆடிட்டர் இல்லை என்று சொல்லிக்கொண்டே திரிந்தேன். எல்லோரும் மிக மரியாதையாக, "செரிங்க மேடம்" என்றார்கள். ஒருவர் முகத்திலும் நம்பிக்கை இல்லை. ஷூவைக் கழற்றிவிட்டுச் செருப்புப் போட்டேன். பலகையை விட்டுவிட்டு வெறும் நோட்டு வைத்துக்கொண்டேன். சொல்லாமல் கொள்ளாமல் திடீரென்று வந்து பார்க்கிற ரகசிய ஆடிட் என்று முடிவுகட்டிவிட்டார்கள்.

என்னை முதலில் நம்பியது பக்கத்து அறைப் பெண்தான். அதுவும் என் அட்டையைப் பார்த்து இல்லை. நான்கு நாளைக்கு ஒருமுறை தண்ணீர் வரும் குழாயடியில் ஒருநாள் விடியற்காலை எனக்கும் கடைசி அறைக்காரம்மாவுக்கும் சண்டை மூண்டது. என் குடத்தை நகர்த்திவிட்டு அவள் குடத்தை வைத்துவிட்டாள். எனக்கு வாய் கொஞ்சம் நீளம். நான் விடவில்லை, அவளும் விடவில்லை. லைன் வீடே எழுந்து வந்து வேடிக்கை பார்த்தது. சண்டை முடிந்து குடத்தோடு நான் திரும்பும்போது அந்தப் பெண் சுவரில் சாய்ந்து விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்தாள்.

"நீங்க ஆடிட்டர் இல்லக்கா. ஏசி ரூம்ல தங்குத ஆளு கொடத்துக்கு இந்தச் சண்டை போட மாட்டாங்க" என்றாள்.

அன்றைக்கு மேடம் போய் அக்கா ஆனேன். வீட்டுக்கார அக்காவும் விவரம் கேட்டுச் சிரித்துவிட்டு, அன்றிலிருந்து என்னை அம்மிணி என்று கூப்பிட ஆரம்பித்தார். முதலுதவிப் பெட்டியைக் கழற்றி உள்ளே வைத்து அதில் சீயக்காய் போட்டுவைத்தார். ஆனால் அந்தப் பெண் எடுத்துச் சொல்லியும் கல்லூரியில் மற்றவர்களுக்கு நான் ஆடிட்டர்தான்.

அந்தப் பெண் என்னிடம் மனசு விட்டுப் பேசினாள். ஊரில் அப்பா இல்லை. தீப்பெட்டி ஒட்டிக்கொண்டிருந்த அம்மா, மகள் காலேஜ் படிக்க வேண்டும் என்பதற்காகவே இந்த ஊருக்குக் கூட்டிவந்தாள். "எங்கூட எட்டு வரைக்கும் படிச்ச ஒருத்தியும் காலேஜ் வாசல மிதிக்கலக்கா. இன்னும் ஒரு வருசந்தான் எனக்கு. அதுக்குள்ள டைம மாத்திப்புட்டாங்கன்னா, எங்கம்மா இத்தன தூரம் வந்ததுக்கே அர்த்தமில்லாமப் போயிரும்" என்றாள். சொல்லும்போது அழவில்லை. கைக்கு வந்த நூல் பிசிறைச் சுற்றிச் சுற்றிப் பிய்த்துக்கொண்டிருந்தாள்.

கடைசியில் நிர்வாகம் இறங்கி வந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை கல்லூரி மண்டபத்தில் கூட்டம். காலை ஷிஃப்ட் வேண்டும் என்கிறவர்கள் பெற்றோரோடு வந்து, ஏன் வேண்டும் என்று தாளாளர் முன்னால் சொல்ல வேண்டும். கேட்டுவிட்டு அங்கேயே முடிவு சொல்வதாக அறிவித்தார்கள். தாளாளர் ஊரில் பெரிய பனியன் கம்பெனி வைத்திருப்பவர்.

எனக்கு அன்று தீபாவளி மாதிரி இருந்தது. எத்தனை வருடமாகப் புத்தகத்தில் மட்டுமே படித்த காட்சி! மாணவர்கள் அதிகாரத்தின் முன்னால் எழுந்து நின்று பேசப் போகிறார்கள், நான் கண்ணால் பார்த்துக் காதால் கேட்டு எழுதப் போகிறேன். டேப் ரெக்கார்டருக்குப் புது பேட்டரி போட்டேன். வீட்டுக்கார அக்கா தன் மொபெட்டில் கொண்டுபோய் இறக்கிவிட்டு, "நானும் வேடிக்கை பாத்துட்டு வர்றனுங்க" என்று வராந்தாவில் நின்றுகொண்டார். யாருக்கும் தொந்தரவாக இருக்கக் கூடாது என்று கடைசி வரிசையில் ஜன்னல் ஓரமாக உட்கார்ந்தேன். யார் கண்ணுக்கும் படமாட்டேன் என்று நினைத்தேன் பாருங்கள், அதை நினைத்தால் இன்றைக்கும் சிரிப்பு வருகிறது.

மண்டபம் நிரம்பி வழிந்தது. தாளாளர் நல்லபடியாகத்தான் ஆரம்பித்தார். "ஆருக்கெல்லாம் காலை ஷிஃப்ட் வேணும், எதுக்கு வேணும், தயங்காமச் சொல்லுங்க கண்ணுகளா."

கைமடிப் பையன் முதலில் எழுந்தான். வாயைத் திறந்தான். திரும்பி என்னைப் பார்த்தான். மூடினான். அப்புறம், "கொறை ஒண்ணும் இல்லீங்க" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தான்.

எனக்குச் சுருக்கென்றது. அடுத்து எழுந்த பெண்ணும் ஓரக்கண்ணால் என்னைப் பார்த்துவிட்டு, "காலைல படிச்சா மனசுல நிக்குதுங்க. காத்தோட்டமா இருக்குதுங்க" என்றாள். ஒரு அம்மா எழுந்து, "எம்புள்ள வேலைக்கெல்லாம் போறதே இல்லீங்க. மத்தியானம் ஊட்லதானுங்க இருக்கறா" என்றார். தாளாளர் முதல்வரைப் பார்த்தார். முதல்வர் உதட்டைப் பிதுக்கினார்.

"அப்பறம் நாலு மணி வரைக்கும் படிக்கறதுல என்னங்க சிரமம்? ஆரோ நாலு பேரு கெளப்பிவிட்டதுக்கா இத்தனை கூட்டம்?" என்று தாளாளர் கேட்டார்.

காலை ஷிஃப்ட்டைக் காப்பாற்ற அவர்கள் சொல்ல வேண்டியது ஒரே ஒரு விஷயம்தான். மத்தியானம் வேலைக்குப் போகிறோம் என்பது. ஆடிட்டர் முன்னால் சொல்லவே கூடாததும் அந்த ஒரே விஷயம்தான். அந்த ஆடிட்டர் நான்.

பக்கத்து அறைப் பெண் முன் வரிசையிலிருந்து எழுந்து சுவரோரமாக வந்து என் பக்கத்தில் குனிந்தாள்.

"அக்கா, உங்களப் பாத்துத்தான் எல்லாரும் பயப்படுதாங்க. நீங்க போயிருங்கக்கா."

"மைக்கைப் பிடிச்சு நான் ஆடிட்டர் இல்லைன்னு சொல்லிடறேனே."

"ஐயோ, சொன்னீங்கன்னா அவ்வளவுதான்."

"அப்போ கதவுக்கு வெளில நிக்கறேன்."

"ஒளிஞ்சு நின்னு கேக்காங்கன்னு நெனப்பாங்க. நீங்க போறத எல்லாரும் கண்ணால பாக்கணும்."

உண்மையைச் சொல்லிவிடுகிறேன், எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. இந்த ஒரு மணி நேரத்துக்காக எத்தனை வருடம்! என்னைப் போய் வெளியே போகச் சொல்கிறாளே, இவளுக்கு ஆராய்ச்சி என்றால் என்னவென்று தெரியுமா என்றெல்லாம் மனசு குதித்தது. அவள் தோளுக்கு மேலே பார்த்தேன். அவளுடைய அம்மா, முந்தானை நுனியை வாயில் கவ்விக்கொண்டு எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தார். சங்கரன்கோவிலிலிருந்து மகளைக் கூட்டிவந்த அம்மா. என் கோபம் போன இடம் தெரியவில்லை.

எழுந்தேன். நேராக முன்னால் போய்த் தாளாளருக்கு ஒரு கும்பிடு போட்டு, "நன்றிங்க, நான் கிளம்பறேன்" என்று மண்டபம் முழுக்கக் கேட்கும்படி சொன்னேன். நான் யார் என்றே அவருக்குத் தெரியாது. "நல்லதுங்க, போயிட்டு வாங்க" என்றார் பாவம். நான் நடக்க நடக்க, ஆடிட்டரை வழியனுப்பும் மரியாதையில் வரிசை வரிசையாகப் பிள்ளைகள் எழுந்து நின்றார்கள்.

வராந்தாவில் வீட்டுக்கார அக்காவிடம் இரண்டே வார்த்தை சொன்னேன். அவர் அதற்கு மேல் கேட்கவில்லை. மொபெட்டை எடுத்தார். நேரே கேட்டுக்குப் போகாமல், மண்டபத்து ஜன்னல்களை ஒட்டி மைதானத்தை ஒரு முழுச் சுற்று சுற்றினார். ஒவ்வொரு ஜன்னலுக்கும் ஒரு ஹாரன். பின்னால் நான், பையை மடியில் வைத்துக்கொண்டு, சாமி புறப்பாடு மாதிரி. கேட்டைத் தாண்டியதும் எனக்குப் பொலபொலவென்று கண்ணீர் வந்துவிட்டது.

"அழுகாதீங்க அம்மிணி. ஆடிட்டர் வண்டி கேட்டைத் தாண்டறதுக்குத்தானுங்க கம்பெனியே காத்திருக்கும். இப்பத்தான் வாயத் தொறப்பாங்க, பாருங்க" என்றார் அக்கா.

வீட்டுக்கு வந்து அரிசியும் பருப்பும் சேர்த்துச் சாதம் ஆக்கி, மேலே நெய் ஊற்றித் தட்டில் வைத்தார். எனக்குத் தொண்டையில் இறங்கவில்லை. அங்கே என்ன நடக்கிறதோ, அந்தப் பெண் பேசினாளோ இல்லையோ, என்னால் எல்லாம் கெட்டதோ என்று வாசலுக்கும் அடுப்படிக்கும் நடந்தேன். "உக்காருங்க. நீங்க நடந்தா அங்க கூட்டம் சீக்கிரம் முடிஞ்சுருமா?" என்று அக்கா கையைப் பிடித்து உட்காரவைத்தார். பசி ஜெயித்தது. மூன்று கரண்டி வாங்கிச் சாப்பிட்டேன். அப்படி ஒரு ருசி.

கையைக் கழுவிக்கொண்டிருக்கும்போது சந்து முனையில் சத்தம் கேட்டது. முதலில் அந்தப் பெண், செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடி வருகிறாள். பின்னால் அவள் அம்மா, கைமடிப் பையன், இன்னும் ஐந்தாறு பேர்.

"அக்கா! மாத்தலக்கா! காலைலயேதான்!"

என்னைக் கட்டிக்கொண்டாள். அவள் அம்மா என் தலையைத் தடவிவிட்டு, குழாயடிக்குப் போய் முகத்தில் தண்ணீரை அடித்து அடித்துக் கழுவிக்கொண்டார்.

ஆளாளுக்கு ஒரே நேரத்தில் சொல்ல ஆரம்பித்தார்கள். எங்கள் மொபெட் சத்தம் அடங்கியதும் ஒருவன் ஜன்னல் வழியே கேட்டை எட்டிப் பார்த்து உறுதி செய்தானாம். அப்புறம் இந்தப் பெண்தான் எழுந்து, "நான் மத்தியானம் ரெண்டு மணிக்குக் கம்பெனிக்குப் போறேன் சார். போனாத்தான் எனக்குப் படிப்பு" என்று ஆரம்பித்திருக்கிறாள். அவ்வளவுதான், மடை திறந்துவிட்டது. ஒருவர் பேசி முடிப்பதற்குள் அடுத்தவர். வேலைக்குப் போவதில்லை என்று சாதித்த அம்மாவே எழுந்து, "நான் முன்ன சொன்னது சும்மாங்க" என்றிருக்கிறார். தாளாளர் திகைத்துப்போய், வேலைக்குப் போகிறவர்கள் எல்லாம் கை தூக்குங்கள் என்றாராம். பாதி மண்டபம் கை தூக்கியது. கைமடிப் பையனைப் பார்த்து எந்தக் கம்பெனி என்று கேட்டிருக்கிறார்.

"உங்க கம்பெனிதானுங்க சார். ரெண்டாவது மாடி" என்று அவன் சொன்னதும் கூரை பிய்த்துக்கொண்டு போகும்படி சிரிப்பாம். தாளாளரும் சேர்ந்து சிரித்துவிட்டு முதல்வர் பக்கம் திரும்பி, "டைம மாத்துனா காலேஜ்லயும் ஆளிருக்காது, கம்பெனிலயும் ஆளிருக்காது. ரெண்டு பக்கமும் எனக்குத்தானுங்க நட்டம்" என்றாராம். முடிந்தது விஷயம்.

இதில்கூட ஆளுக்கு ஒரு கதை. தாளாளர் முதலில் கோபப்பட்டார் என்றான் ஒருவன். இல்லவே இல்லை, கண் கலங்கினார் என்றாள் ஒருத்தி. விட்டுவிடக் கூடாதே என்று நான் டேப் ரெக்கார்டரை எடுத்து நடுவில் வைத்தேன். சிவப்பு விளக்கு எரிந்ததும் அத்தனை பேரும் கப்சிப். கைமடிப் பையன் முதுகை நிமிர்த்திக்கொண்டு, "சிலிண்டர்..." என்று ஆரம்பித்தான். நான் பேட்டரியைக் கழற்றி அக்கா கையில் கொடுத்துவிட்டேன். அக்கா அதை முதலுதவிப் பெட்டியில் சீயக்காயோடு போட்டார். சிரித்துச் சிரித்து எல்லோருக்கும் வயிறு வலித்தது. இவ்வளவு சந்தோஷமான ஒரு ஞாயிற்றுக்கிழமை அதற்கு முன் எனக்கு அமைந்ததில்லை.

என் ஆழ்மனக் கோட்பாடு குப்பைக்குப் போனதில் பேராசிரியருக்கு ஒரு மாதம் என்மேல் வருத்தம் இருந்தது. ஆய்வேட்டில் அந்தக் கூட்டத்தைப் பற்றி எழுதும்போது, பிள்ளைகள் சொன்ன கதைகள் எல்லாவற்றையும் முன்னுக்குப் பின் முரணாகவே எழுதிவிட்டு, இந்த நேரத்தில் நான் அங்கு இல்லை என்றும் எழுதினேன். வாய்மொழித் தேர்வில் வெளியூரிலிருந்து வந்த நிபுணர் கண்ணாடியை இறக்கிக்கொண்டு கேட்டார். "உங்க ஆராய்ச்சியிலேயே ரொம்ப முக்கியமான கட்டம் இது. அந்த நேரத்துல நீங்க எங்கம்மா இருந்தீங்க?"

"அரிசி பருப்புச் சாதம் சாப்பிட்டுக்கிட்டிருந்தேன் சார். நான் உள்ளே இருந்திருந்தா அந்தக் கட்டமே வந்திருக்காது" என்றேன். அவர் ஆய்வேட்டைப் புரட்டி, குடத்துச் சண்டையைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்லச் சொன்னார். பட்டம் கிடைத்தது.

அந்தப் பெண் மறுவருடம் பி.காம் முடித்தாள். பட்டமளிப்பு விழாவுக்கு அழைப்பு வந்தது, போனேன். அவள் அம்மா புதுச் சேலையில் முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தார். பெயர்கள் எதையும் இங்கே நான் சொல்லவில்லை. அன்று வேப்பமரத்தடியில் ஒவ்வொருவருக்கும் கொடுத்த வாக்கு அது, யாரும் நம்பாவிட்டாலும் வாக்கு வாக்குதானே.

இப்போது நானே ஒரு கல்லூரியில் பாடம் நடத்துகிறேன். சில நாள் வகுப்புக்குள் நுழையும்போது பிள்ளைகள் வட்டமாகக் கூடி எதையோ காரசாரமாகப் பேசிக்கொண்டிருப்பார்கள். என்னைப் பார்த்ததும் கப்சிப் ஆகி, "ஒண்ணுமில்ல மேடம்" என்பார்கள். மற்ற ஆசிரியர்கள் மாதிரி நான் துருவிக் கேட்பதில்லை. ஒரு டீ குடித்துவிட்டு வருகிறேன் என்று உரக்கச் சொல்லிவிட்டு, வராந்தா முடிகிற வரை செருப்பைச் சத்தமாகத் தேய்த்துத் தேய்த்து நடப்பேன். நான் போய்விட்டேன் என்பது அவர்களுக்குக் கேட்க வேண்டும் அல்லவா?